போஸ்டரில் அஸ்கோனா எங்கே?

'எல் வெர்துகோ' என்ற ஸ்பானியப் படத்தின் திரையிடலுக்கு அடித்த போஸ்டரில் இயக்குநர் பெர்லாங்கா பேர் இருந்தது, திரைக்கதை எழுதின அஸ்கோனா பேர் இல்லை. அந்தப் போஸ்டரைப் பற்றி வாய் திறக்க வேண்டாம் என்றுதான் இருந்தேன். ஆனால் "எழுதினவன் பேரெல்லாம் போட்டா போஸ்டர் கல்யாணப் பத்திரிகை ஆயிடும்" என்று கமெண்டில் ஒருவர் சிரித்துவிட்டுப் போக, அதற்கு அத்தனை லைக். சரி, பேசிவிடுவோம்.

'எல் வெர்துகோ' (1963) பெர்லாங்கா படம். யார் இல்லையென்றார்கள்? அது ரஃபேல் அஸ்கோனா படமும்தான். நான் சொல்வது இவ்வளவுதான்.

"ஐடியா பெர்லாங்காவுடையதாச்சே?" ஆமாம். கைதியைவிட, தண்டனையை நிறைவேற்ற வந்தவனைத்தான் தரதரவென்று இழுத்துப்போக வேண்டியிருக்கிறது என்ற அந்தக் காட்சி அவருக்குத் தோன்றியதுதான். கூட உட்கார்ந்து எழுதினார், இத்தாலிக்காரர் ஃப்ளையானோ பெயரும் இருக்கிறது. எல்லாம் தெரியும். ஆனால் கொல்லக் கையே வராத ஒருவனை, கடைசிக் காட்சியில் அவனை இழுத்துப்போகும் அந்த வெள்ளைக் கூடம்வரை எப்படிக் கொண்டுவருவது?

ஹோசே லூயிஸ் சவ அடக்கம் செய்யும் கம்பெனி ஊழியன். மரண தண்டனை நிறைவேற்றும் வேலை பார்க்கும் கிழவர் அமாதேயோ வண்டியில் மறந்துவிட்ட கருவிப் பையைக் கொடுக்கப் போகிறான். வீட்டில் மகள் கார்மென். காதல், கர்ப்பம், கல்யாணம். மாமனார் ஓய்வுபெற்றால் அரசு வீடு கிடைக்காது. மாப்பிள்ளை அந்த வேலையில் சேர்ந்தால் கிடைக்கும். கையெழுத்துதானே, தண்டனைக்கு ஆள் வந்தால் ராஜினாமா பண்ணிக்கலாம். அவன் ஒரு இடத்திலும் கொலைக்குச் சம்மதிப்பதில்லை. வீட்டுக்குச் சம்மதிக்கிறான், மாமனாருக்குச் சம்மதிக்கிறான். இதில் ஒரு படியை உருவிவிட்டால் கடைசிக் காட்சி வெறும் கூத்து. கேமரா கோணம் வைத்து இந்தப் படிகளைக் கட்ட முடியாது சார்.

'இயக்குநரின் பார்வை' என்கிறீர்கள். 'எல் பிஸீத்தோ'வில் ஒரு வாடகை வீட்டுக்காகக் கிழவியைக் கட்டிக்கொள்கிறான் ஒருவன். 'எல் கோச்சேசீத்தோ'வில் நன்றாக நடக்கிற கிழவருக்கு மோட்டார் வைத்த சக்கர நாற்காலி வேண்டும். இரண்டையும் இயக்கியது மார்கோ ஃபெரேரி, எழுத்தில் அஸ்கோனா. 'ப்ளாஸிதோ'வில் (1961) கிறிஸ்துமஸுக்கு முந்தின ராத்திரி முழுக்க மூன்று சக்கர வண்டியின் தவணைக்காக ஒருவன் அலைகிறான். ஏழைக்கு விருந்து வைக்கும் ஊரே ஒரே நேரத்தில் பேசுகிறது, அவன் சொல்வது யார் காதிலும் விழவில்லை. அதை இயக்கியது பெர்லாங்கா, எழுத்தில் அங்கேயும் அஸ்கோனா. இயக்குநர் மாறினார், வீடும் வண்டியும் தவணையும் மாறவில்லை. அது யார் பார்வை?

"அஸ்கோனாவுக்கு முன்பே 'மிஸ்டர் மார்ஷல்' (1953) எடுத்தவராச்சே" என்றும் ஒருவர். அண்ணே, அதை பார்தெமும் மிகுராவும்கூடச் சேர்ந்து எழுதினார்கள். உதாரணத்தையாவது பார்த்துச் சொல்லக்கூடாதா?

"அஸ்கோனாவே விளம்பரம் வேண்டாமென்று ஒதுங்கியிருந்தவர்." ஒதுங்கினார். அதனால் நாமும் சேர்ந்து தள்ளிவிடலாமா? 2020இல் ஸ்பானிய அகராதியில் 'பெர்லாங்கியானோ' (பெர்லாங்கா பாணியிலான) என்ற சொல்லையே சேர்த்துவிட்டார்கள். சந்தோஷம். அந்தச் சொல்லுக்குள் பாதி உழைப்பு யாருடையது என்று கேட்டால் நான் வம்புக்காரன்.

போஸ்டரில் இடமில்லையாம். 'தேநீர், பிஸ்கட் உபயம்' என்று ஒரு பெயர் கொட்டை எழுத்தில் இருந்ததே, அதற்கு மேலே இரண்டு விரல் இடம் காலியாகத்தான் கிடந்தது.