புளோரன்ஸ் நகரத்து வரதட்சணைக் கணக்கு

ஐரோப்பிய மறுமலர்ச்சிக் காலத்தைப் பற்றி நம்மவர்கள் யார் எழுதினாலும் கடைசியில் அது ஒரு கொண்டாட்டமாகவே முடிகிறது. லியனார்டோ, மைக்கேலேஞ்சலோ, புளோரன்ஸ் பேராலயத்தின் மேல் புருனெல்லெஸ்கி எழுப்பிய குவிமாடம், மனிதன் தன்னைத் தானே கண்டுகொண்ட காலம். அந்த ஓவியங்களைப் பார்த்து வியப்பதில் எனக்கும் குறைவில்லை. ஆனால் இத்தாலியின் அந்தப் புளோரன்ஸ் ஊர்க்காரர்கள் எழுதிய கடிதங்களும் வீட்டுக் கணக்குகளும் இன்று படிக்கக் கிடைக்கின்றன. அவற்றைப் படித்த பிறகும், இடைக்கால இருட்டு விலகியதும் பெண்ணுக்கும் விடிந்துவிட்டது என்று ஒருவர் எழுதினால் எனக்குக் கோபம்தான் வருகிறது. வங்கித் தொழிலையும் வட்டிக் கணக்கையும் செம்மைப்படுத்திய அதே மூளைகள்தான் பெண்ணைக் கட்டிப்போடும் ஏற்பாட்டையும் செம்மைப்படுத்தின என்பது என் கட்சி.

1425-இல் புளோரன்ஸ் அரசு ஒரு வரதட்சணை நிதியைத் தொடங்கியது. மிலானோடு நடந்த சண்டையில் கஜானா காலி. மகள் சின்னவளாக இருக்கும்போதே தகப்பன் அரசிடம் பணம் கட்டிவிட வேண்டும். ஆரம்ப விதிப்படி 100 புளோரின் (அந்த ஊர்த் தங்கக் காசு) கட்டினால் 15 ஆண்டில் 500 ஆகும். ஏழரை ஆண்டுத் திட்டமும் இருந்தது. முதிர்ந்த தொகை பெண் கைக்கு வராது, தகப்பன் கைக்கும் வராது. கல்யாணம் முடிந்து, சாந்தி முகூர்த்தமும் ஆன பிறகு மாப்பிள்ளையிடம் போகும். பெண் நடுவில் செத்துப்போனால் கட்டிய காசு அரசுக்கே சொந்தம். கொள்ளைநோய் வருவதும் போவதுமாக இருந்த ஊரில் இதற்கு யார் துணிவார்கள்? ஆரம்பத்தில் கட்டியவர்கள் கொஞ்சம் பேர்தான். பெண் இறந்தால் அசலாவது திரும்பி வரும் என்று 1433-இல் விதியை மாற்றினார்கள். அதன் பிறகு வசதியான குடும்பங்கள் வரிசையில் நின்றன. ஒரு குடியரசு தன் போர்க்கடனை ஊர்ப் பெண் குழந்தைகளின் தலையில் ஏற்றி வைத்தது. அதே அரசு அதே ஆண்டுகளில்தான் அந்தக் குவிமாடத்தையும் எழுப்பிக்கொண்டிருந்தது.

அலெஸ்ஸாந்திரா ஸ்ட்ரோட்சி என்ற விதவைத் தாயின் கடிதங்கள்தான் எனக்கு இந்தக் காலத்தைத் திறந்து காட்டின. கணவர் ஊரைவிட்டுத் துரத்தப்பட்டு வெளியூரிலேயே இறந்துபோனார். மகன்களும் நாடுகடத்தப்பட்டார்கள். இந்த அம்மா ஒருத்தியாக புளோரன்ஸில் இருந்து வரி கட்டி, நிலம் விற்று, கணக்குப் பார்த்து, நேப்பிள்ஸில் வியாபாரம் பழகிய மூத்த மகன் பிலிப்போவுக்குக் கடிதம் எழுதினாள். அத்தனை திறமை. ஆனால் புளோரன்ஸ் சட்டப்படி ஒரு பெண் ஒப்பந்தம் செய்ய வேண்டுமென்றால் பக்கத்தில் ஒரு ஆண் காப்பாளர் நின்றே ஆக வேண்டும்.

1447-இல் மகள் காத்தெரினாவுக்கு வரன் அமைந்த செய்தியை எழுதுகிறாள். பெண்ணுக்கு 16, மாப்பிள்ளை மார்க்கோ பாரெந்திக்கு 25. பட்டுத் தொழில் குடும்பம், வசதி உண்டு, ஆனால் தங்கள் குடும்பத்தைவிட அந்தஸ்தில் ஒரு படி கீழே. வரதட்சணை 1000 புளோரின். அதில் பாதி அந்த நிதியிலிருந்து வர வேண்டியது, மீதி ரொக்கமும் சீரும். 1400, 1500 கொடுத்திருந்தால் இன்னும் பெரிய இடம் கிடைத்திருக்கும் என்று அவளே எழுதுகிறாள். பெண் எடுக்கிறவன் பணம் கேட்கிறான் என்றும் ஒரு வரி. மாப்பிள்ளை வீட்டார் செய்த உடுப்பையும் நகையையும் பற்றி அந்தத் தாய்க்கு ஏகப்பட்ட பெருமை. கருஞ்சிவப்பு வெல்வெட் கவுன், மயில் இறகும் முத்தும் வைத்த தலை அலங்காரம். மகள் வெளியே இறங்கினால் உடம்பில் 400 புளோரினுக்கு மேல் இருக்கும் என்கிறாள். இப்படிப் போட்டு அனுப்பியவை பெண்ணின் சொத்து ஆகிவிடாது. கணவன் நினைத்தால் பிறகு கழற்றி வாங்கி விற்கலாம். அருங்காட்சியகங்களில் தொங்கும் புளோரன்ஸ் மணப்பெண் ஓவியங்களில் முத்தையும் நகையையும் பார்க்கும்போதெல்லாம் எனக்கு இந்த 400 புளோரின்தான் நினைவுக்கு வருகிறது.

1465-இல் மகனுக்குப் பெண் தேடும் முறை வந்தது. ஆகஸ்ட் 17 தேதியிட்ட கடிதம் அது. ஞாயிற்றுக்கிழமை விடிகாலை முதல் பூசைக்குப் பேராலயத்துக்குப் போகிறாள். போனது வேறொரு குடும்பத்துப் பெண்ணைப் பார்க்க. கண்ணில் பட்டது இன்னொருத்தி. அவள் பக்கத்தில் போய் அமர்ந்து நோட்டம் விடுகிறாள். உயரம் நம் காத்தெரினா அளவு இருக்கும், கூடவும் இருக்கலாம். உடல்வாகு நன்று. முகம் நீளம், ரொம்ப நளினம் இல்லை, ஆனால் பட்டிக்காட்டு முகமும் இல்லை. நடையையும் பார்வையையும் பார்த்தால் தூங்குமூஞ்சி போலத் தெரியவில்லை. பூசை முடிந்ததும் பின்னாலேயே வெளியே போய்த்தான் அது தானாலி வீட்டுப் பெண் என்று தெரிந்துகொள்கிறாள். இத்தனையும் நடந்தது அந்தக் குவிமாடத்துக்கு நேர் கீழே! பொருட்காட்சியில் மாடு பார்ப்பதுபோலத் தன்னை ஒருத்தி அளந்துகொண்டிருக்கிறாள் என்பது அந்தப் பெண்ணுக்குத் தெரிந்திருக்குமா? கடைசியில் பிலிப்போ கட்டியது இந்தத் தானாலி வீட்டுப் பெண்ணை அல்ல. அந்தப் பிலிப்போ 1489-இல் கட்டத் தொடங்கிய மாளிகைதான் இன்று சுற்றுலாப் பயணிகள் பார்க்கப் போகும் பலாட்சோ ஸ்ட்ரோட்சி.

அந்தத் தாயை நான் குறை சொல்ல மாட்டேன். இரண்டு மகள்களைக் கரையேற்ற வேண்டியவள், கிடைத்த விதிகளுக்குள் விளையாடினாள். இளம் விதவைகளின் நிலைமை அதைவிடக் கொடுமை. பிள்ளைகள் தகப்பன் குலத்துக்குச் சொந்தம். பிறந்த வீட்டார் வரதட்சணையைத் திரும்ப வாங்கி மறுமணம் செய்துவைத்தால், பிள்ளைகளை விட்டுவிட்டுப் போக வேண்டும். அப்படிப் போன தன் அம்மாவை ஜியோவான்னி மொரெல்லி என்ற புளோரன்ஸ் வணிகர் தன் குறிப்பேட்டில் கல்நெஞ்சக்காரி என்று எழுதிவைத்தார். அவளை அனுப்பிவைத்த ஆண்கள் மேல் அந்தக் கோபம் திரும்பவில்லை.

ஆண்களையும் இந்த ஏற்பாடு விட்டுவைக்கவில்லை. பெண்ணுக்கு 18 வாக்கில் கல்யாணம், ஆணுக்கு 30 வாக்கில். இடைப்பட்ட ஆண்டுகளில் ஆண்களுக்குள் இருந்த உறவுகளை வேவு பார்க்க 1432 முதல் 1502 வரை 'இரவு அதிகாரிகள்' என்று ஒரு தனி அமைப்பே நடந்தது. சுமார் 40,000 பேர் வாழ்ந்த ஊரில் அந்த 70 ஆண்டுகளில் 17,000 பேர் அளவுக்கு அதன் ஏடுகளில் சிக்கினார்கள். 1476-இல் பெயரில்லாப் புகார் ஒன்றில் லியனார்டோவும் மாட்டினார்; வழக்கு நிற்கவில்லை.

பெண் ஓவியர்கள் இருந்தார்களே என்று உடனே ஒரு பட்டியலோடு வருவார்கள். இருந்தார்கள். ஆர்ட்டெமிசியா ஜென்டிலெஸ்கியின் தகப்பனும் ஓவியர், லவீனியா ஃபொன்டானாவின் தகப்பனும் ஓவியர். தொழில் வீட்டுக்குள்ளேயே இருந்ததால் கைக்கு எட்டியது. லவீனியா 1577-இல் கல்யாணம் செய்தபோது, வரதட்சணைக்குப் பதிலாக அவள் வரைந்து சம்பாதிப்பதே ஈடு என்ற ஏற்பாட்டில் கணவன் மாமனார் வீட்டோடு வந்து தங்கினான். 11 பிள்ளைகள் பெற்றுக்கொண்டே வரைந்தாள். அந்தத் திறமையை வணங்குகிறேன். ஆனால் அவளைக் காட்டி அந்தக் காலத்துக்கு நற்சான்றிதழ் கொடுக்காதீர்கள்.

வரதட்சணை ஏற ஏற, கொடுக்க முடியாத பெண்களைக் கன்னிமடத்தில் தள்ளினார்கள். மடத்துக்கும் பணம் கட்ட வேண்டும், ஆனால் குறைவு. இதைப் புரிந்துகொள்ள நமக்கெல்லாம் தெரிந்த கலிலியோவின் வீடே போதும். தகப்பன் இறந்ததும் தங்கைகளின் வரதட்சணைப் பாக்கியில் திணறியவர் அவர். மரீனா காம்பாவோடு முறைப்படி கல்யாணம் ஆகாமல் பிறந்த பிள்ளைகள் மூன்று: வெர்ஜீனியா, லீவியா, வின்சென்சோ. 1613-இல், பெண்கள் இருவருக்கும் பதினான்கு வயது ஆகும் முன்பே, ஆர்ச்செத்ரியில் இருந்த வறிய சான் மத்தேயோ மடத்துக்குப் போனார்கள். மகன் 1619-இல் சட்டப்படி வாரிசாக்கப்பட்டு, பிசாவுக்குச் சட்டம் படிக்கப் போனான். ஒரே தாய், ஒரே தகப்பன், ஒரே 'முறைகேடு'. மகனுடையதை ஒரு பத்திரம் துடைத்துவிட்டது. மரிய செலெஸ்தே என்று பெயர் மாறிய வெர்ஜீனியா மடத்துக்குள்ளிருந்து அப்பாவின் சட்டைக் கழுத்துப்பட்டையைத் தைத்து வெளுத்து அனுப்பினாள், மருந்து செய்தாள், எழுத்துகளைப் படியெடுத்தாள். 1633-இல் திருச்சபை அவருக்குத் தண்டனையாக விதித்த வாராந்திர சங்கீத ஜெபத்தையும் தானே ஏற்றுக்கொண்டாள். மறு ஆண்டு 33 வயதில் இறந்தாள். அவள் எழுதிய 124 கடிதங்கள் மிஞ்சியிருக்கின்றன. அவருடைய பதில் கடிதங்களில் ஒன்றுகூட மிஞ்சவில்லை.

வெனிஸில் 16-ஆம் நூற்றாண்டின் இறுதியில் பிரபுக் குடும்பப் பெண்களில் பாதிக்கு மேல் மடங்களில் இருந்தார்கள். அப்படி விருப்பமில்லாமல் சாந்த் அன்னா மடத்தில் அடைக்கப்பட்டவள்தான் ஆர்க்காஞ்செலா தரபொத்தி, 1604-இல் பிறந்தவள். தகப்பன்மாரின் கொடுங்கோன்மை என்று தலைப்பிட்டு ஒரு புத்தகம் எழுதினாள். அவள் இறந்த பிறகு, 1654-இல், அது வேறு தலைப்பில் வெளியானது. கத்தோலிக்கத் திருச்சபை அதைத் தடைசெய்தது. அவளுடைய கோபம் தன் அப்பாவோடு நிற்கவில்லை, நேரே வெனிஸ் அரசின் மேல் பாய்கிறது. எல்லாப் பெண்களுக்கும் கல்யாணம் செய்துவைத்தால் வரதட்சணை கொடுத்தே பெரிய வீடுகள் அழிந்துவிடும் என்பதுதான் உங்கள் ராஜதந்திரம் என்றால், பணத்தாசை இல்லாமல் துணையை ஏற்றுக்கொள்ளுங்கள் என்கிறாள். மனைவியை அடிமையாகத்தானே வாங்குகிறீர்கள், அப்படியானால் தங்கத்தை எண்ணிக் கொடுக்க வேண்டியவர்கள் நீங்கள். தனக்கு ஒரு எசமானனை வாங்க அவள் எதற்குக் காசு கொடுக்க வேண்டும் என்று கேட்கிறாள்.