நாலு ஸ்டேஷன் காதல்

தம்பி: அக்கா, இன்னைக்கு மெட்ரோவுல ஒரு பொண்ணு. என்னையே பார்த்தா.

அக்கா: எங்கே நின்னுட்டிருந்தே?

தம்பி: கதவுகிட்ட.

அக்கா: உன் தலைக்குப் பின்னால?

தம்பி: ஸ்டேஷன் பேரெல்லாம் போட்ட மேப்.

அக்கா: ம்.

தம்பி: என்ன ம்? கழுத்தைச் சாய்ச்சு சாய்ச்சுப் பார்த்தாக்கா!

அக்கா: மறைச்சுக்கிட்டு நின்னா அப்படித்தான் பார்க்கணும்.

தம்பி: நான் நகர்ந்ததும் சிரிச்சாளே?

(இதற்குப் பதில் சொல்ல அக்காவுக்கே மனசு வரவில்லை. யாருக்கு வரும்?)

தம்பி: சரி, அவ சிரிச்சதை விடு. என் நெஞ்சு படபடன்னு அடிச்சுக்கிச்சே, அது பொய்யா?

அக்கா: வண்டியை எப்படிப் பிடிச்சே?

தம்பி: கதவு மூடறதுக்குள்ள ரெண்டு மாடிப் படி ஓடி ஏறி...

அக்கா: 1974ல கனடாவுல டட்டன், ஏரன்னு ரெண்டு உளவியல்காரங்க ஒரு ஆய்வை வெளியிட்டாங்க. பள்ளத்தாக்குக்கு மேல ஆடற தொங்கு பாலம். கடந்து வர்ற ஆம்பளைங்களை ஒரு பொண்ணு நிறுத்தி, நாலு கேள்வி கேட்டு, போன் நம்பர் கொடுத்தா. வாங்கின 18 பேர்ல 9 பேர் கூப்பிட்டாங்க.

தம்பி: அழகான பொண்ணா இருந்திருக்கும்.

அக்கா: ஆடாத, தாழ்வான பாலத்துலயும் அதையே செஞ்சாங்க. 16 பேர்ல 2 பேர்தான் கூப்பிட்டாங்க. பயத்துல அடிச்ச நெஞ்சை, பொண்ணுக்காக அடிச்சதுன்னு நினைச்சுக்கிட்டாங்களாம்.

தம்பி: அப்போ என்னோடது?

அக்கா: மூச்சிரைப்பு.

தம்பி: நாலு ஸ்டேஷன் தாண்டியுமா?

அக்கா: உடம்பைக் கொஞ்சம் கவனிடா.

தம்பி: இறங்கறப்போ திரும்பிக்கூட பார்த்தா.

அக்கா: எதையாவது விட்டுட்டோமான்னு எல்லாரும் பார்ப்பாங்க.

தம்பி: என்னை விட்டுட்டுப் போறோமேன்னு பார்த்தா!

அக்கா: கூப்பிட்டிருக்க வேண்டியதுதானே?

தம்பி: பேரு தெரியாதே... அது கிடக்கட்டும். நீ மாமாவை முதல்ல எங்கே பார்த்தே?

அக்கா: லிஃப்ட்ல.

தம்பி: ஓடற லிஃப்ட்லயா?

அக்கா: ...நடுவுல நின்னுபோச்சு. கரண்ட் இல்ல.

தம்பி: இருட்டுல மாட்டிக்கிட்டே. நெஞ்சு படபடன்னு அடிச்சுது. பக்கத்துல மாமா.

அக்கா: டேய்.

தம்பி: பாலத்துல வந்தவங்க போன்தான் பண்ணாங்க. நீ தாலியே கட்டிக்கிட்டியேக்கா!

அக்கா: வாயை மூடு. எனக்கு இன்னைக்கும் அதே படபடப்பு இருக்கு.

தம்பி: நிஜமாவா? எப்போ?

அக்கா: அவர் கார் ஓட்டறப்போ.