ஏழைக்குக் கடனைக் கொடுத்தது போதும்

2022 ஆகஸ்ட்டில் மண்ணெண்ணெய் லீற்றர் 87 ரூபாயிலிருந்து ஒரே இரவில் 340 ரூபாய் ஆனது. கொழும்பில் அது ஒருநாள் செய்தி. யாழ்ப்பாணத்து மீனவர் ஊர்களான குருநகரிலும் பாசையூரிலும் அது தொழிலின் கழுத்தில் விழுந்த கை. சிறு படகின் வெளியிணைப்பு இயந்திரம் மண்ணெண்ணெயில்தான் ஓடுகிறது; வலிகாமத்துத் தோட்டக் கிணறுகளில் எத்தனையோ நீர் இறைக்கும் இயந்திரங்களும் அதில்தான் ஓடுகின்றன. அந்த முடிவை எடுத்தவர்கள், நாளைக்குக் கடலுக்குப் போவதா வேண்டாமா என்று ஒரு குடும்பம் இரவிரவாகக் கணக்குப் பார்க்கும் என்பதை நினைத்திருக்க மாட்டார்கள்.

இன்று "நாடு மீண்டுவிட்டது" என்கிறார்கள். 2024இல் பொருளாதாரம் 5 வீதம் வளர்ந்தது உண்மை. 2022 செப்டெம்பரில் 70 வீதத்தை எட்டிய பணவீக்கம் அடங்கியதும் உண்மை. ஆனால் உலக வங்கியின் மதிப்பீட்டின்படி 2021இல் 13 வீதமாக இருந்த வறுமை அடுத்த ஆண்டே 25 வீதமாகியது. 5 வீதம் வளர்ந்த 2024இலும் ஏறக்குறைய நான்கு பேரில் ஒருவர் அதே நிலையில்தான் இருந்தார். விலை ஏறுவது நின்றதே ஒழிய, ஏறிய விலை இறங்கவில்லை. அதன் மேல் 2024 ஜனவரியில் பெறுமதி சேர் வரியை 18 வீதமாக்கினார்கள். சவர்க்காரம் வாங்கும்போது நாட்கூலிக்குப் போகிறவரும் மாடிவீட்டுக்காரரும் கட்டுவது ஒரே வீதம். இந்த வளர்ச்சி யாருடைய கையில் போய் நிற்கிறது என்று கேட்காமல் அதைக் கொண்டாட என்னால் முடியவில்லை.

எங்கள் பக்கத்துக்கு வருவோம். போர் முடிந்ததும் வடக்கைத் தெற்கோடு இணைக்கும் ஏ9 பாதை திறந்தது; 2014இல் யாழ்ப்பாணத்துக்கு ரயில் திரும்பி வந்தது. இரண்டையும் நான் குறைத்துச் சொல்ல மாட்டேன். ஆனால் அந்தப் பாதை வழியே முதலில் வந்து சேர்ந்தவை எவை? லீசிங் கம்பனிகளும் நிதி நிறுவனங்களும்தான். 1990இல் நின்றுபோன காங்கேசன்துறைச் சீமெந்துத் தொழிற்சாலை அந்தப் பாதையால் உயிர்பெறவில்லை. பரந்தன் இரசாயனத் தொழிற்சாலையும் அப்படியே. வேலை வருமுன் கடன் வந்தது.

இந்திய வீட்டுத் திட்டத்தில் ஒரு வீட்டுக்கு 550,000 ரூபாய் மானியம் கிடைத்தது. பெரிய உதவி அது. ஆனால் சீமெந்தும் மணலும் கூரை ஓடும் ஏறிய விலைக்கு எத்தனையோ குடும்பங்களால் அந்தக் காசோடு வீட்டை முடிக்க முடியவில்லை. நகை அடைவுக்குப் போனது. பிறகு குழுக்கடன். ஐந்தாறு பெண்கள் ஒருவருக்கொருவர் பிணை நின்று எடுத்த கடனுக்குக் கிழமைக்குக் கிழமை கட்டுக்காசு. ஒருத்தியால் கட்ட முடியாத கிழமையில் மற்றவர்களே அவள் வாசலில் நிற்க வேண்டிய ஏற்பாடு. கணவனை இழந்த, காணாமல் ஆக்கப்பட்டவரைத் தேடிக்கொண்டிருக்கிற பெண்களின் தலையில் இதைக் கட்டிவிட்டு அதற்கு "வலுவூட்டல்" என்று பெயரும் வைத்தார்கள். 2018இல் அரசாங்கமே தலையிட்டு, வரட்சி பாதித்த மாவட்டங்களில் பெண்கள் எடுத்த ஒரு இலட்சம் ரூபாய் வரையான நுண்கடன்களைத் தள்ளுபடி செய்தது; வட்டிக்கு ஆண்டுக்கு 35 வீதம் என்று உச்சவரம்பும் வந்தது. உச்சவரம்பே 35! அந்த வட்டியைக் கட்டியபின் மிச்சம் தருகிற கோழிக்கூடோ தையல் மெசினோ இந்த மாவட்டத்தில் எங்கே இருக்கிறது?

வறிய குடும்பங்களுக்கு அரசாங்கம் தரும் அஸ்வெசும கொடுப்பனவை நான் எதிர்ப்பவன் அல்ல. 2023இல் தொடங்கியபோது மிக வறிய குடும்பத்துக்கு மாதம் 15,000 ரூபாய், 2025இல் 17,500. பசித்த வீட்டுக்கு அது தேவை, இன்னும் கூட்டினாலும் தகும். ஆனால் தெரிவு செய்யும் அளவுகோல்கள் சொத்தையும் வீட்டையும் பார்க்கின்றன. அந்த வீட்டைக் கட்ட வாங்கிய கடன் கண்ணில் படுவதில்லை. கல்வீட்டுக்குள்ளும் உலை கொதிக்காத நாட்கள் உண்டு என்பதைக் கிராம அலுவலரிடம் கேட்டாலே சொல்லுவார்.

கொடுப்பனவு ஒருவரை விழாமல் பிடிக்கும். நிமிர்ந்து நடக்க அவர் விளைவிப்பதற்கு விலை வேண்டும். விலையில்தான் எங்கள் ஏழைகள் அன்றாடம் தோற்கிறார்கள். இங்குள்ள சந்தைகளில் தோட்டக்காரர் கொண்டுவரும் நூறு கிலோ மரக்கறியில் பத்துக் கிலோவைக் "கழிவு" என்று கழித்துவிட்டுக் காசு கொடுக்கும் வழக்கத்தை எதிர்த்து எத்தனை கூட்டம் நடந்திருக்கும்! சின்ன வெங்காயம் கிண்டும் நாளில் இறக்குமதி வெங்காயம் கடைகளில் குவிந்திருக்கும். குத்தகைத் தறைக்கும் மருந்துக்கும் உரத்துக்கும் கொடுத்தபின் அவருக்கு என்ன மிஞ்சும்? கடலிலும் இதே கதைதான். கடலடியை வாரி இழுக்கும் இழுவைமடியைத் தடைசெய்யும் சட்டம் 2017இல் வந்தது. ஆனாலும் பாக்கு நீரிணையில் இந்திய இழுவைப் படகுகள் வலைகளை அறுத்துச் செல்கின்றன. அறுந்த வலைக்குப் பதில் புதிய வலை வாங்கத் திரும்பவும் கடன்.

1970களில் சிறிமாவோ பண்டாரநாயக்க ஆட்சி மிளகாய், வெங்காய இறக்குமதியைக் கட்டுப்படுத்தியபோது யாழ்ப்பாணத் தோட்டங்கள் எப்படிச் செழித்தன என்பது இன்னும் வாய்ப்பேச்சில் இருக்கிறது. அதே காலத்தில் பாணுக்கு வரிசையில் நின்றவர்களும் உண்டு. அந்தக் காலத்தை அப்படியே திருப்பிக் கொண்டுவரச் சொல்லவில்லை. அறுவடை நாட்களில் மட்டுமாவது இறக்குமதி வரியைக் கூட்டி வையுங்கள் என்கிறேன்.

அதே பத்தாண்டில் நடந்த இன்னொன்றைப் பற்றி நாங்கள் போதிய அளவு பேசுவதில்லை. கள் இறக்கும் தொழிலாளர் அதுவரை கள் விற்கும் தவறணைகளின் குத்தகைக்காரரின் கீழ் இருந்தார்கள். பனையில் ஏறியவர் உயிரைப் பணயம் வைத்தார், விலையைச் சொன்னவர் குத்தகைக்காரர். கூட்டுறவுச் சங்கங்கள் வந்தபின் தொழிலாளியே உறுப்பினர், விற்பனையும் சங்கத்தின் கையில். சாதியின் பெயரால் ஒதுக்கப்பட்ட, சொந்தக் காணி இல்லாத மக்களின் வீட்டுக்கு நேரடியாகக் காசு போன வழி அது. அவர்களின் பிள்ளைகள் படித்தார்கள். "எல்லோரையும் உள்ளடக்கிய வளர்ச்சி" என்று கருத்தரங்குகளில் சொல்வதற்கு எங்கள் மண்ணிலேயே ஒரு சான்று வேண்டுமென்றால் இதைவிட வேறென்ன வேண்டும்?

கூட்டுறவு எங்களுக்குப் புதிதல்ல. மூளாயில் ஒரு கூட்டுறவு வைத்தியசாலையையே நடத்திக் காட்டிய மக்கள் நாங்கள். விழா பார்க்கப் போகும் வீரசிங்கம் மண்டபம் ஒரு கூட்டுறவுத் தலைவரின் பெயரைத் தாங்கி நிற்கிறது. சங்கங்களுக்குள் கட்சி புகுந்ததும் சில சங்கங்கள் காணிக்காரர்களின் சங்கமாகவே இருந்ததும் எனக்குத் தெரியும். ஆகவே குத்தகைத் தோட்டக்காரருக்கும் படகில்லாத மீனவருக்கும் வீட்டுத் தலைவியாக இருக்கும் பெண்ணுக்கும் நிர்வாகக் குழுவில் இடம் ஒதுக்க வேண்டும். வெங்காயத்தைப் பக்குவமாக வைத்து விற்கச் சேமிப்புக் கூடம், மீனுக்குக் குளிரறை, பனை உற்பத்திகளுக்கு ஒழுங்கான பொதியிடல்: இவற்றில் அரசாங்கம் முதலிடட்டும். புலம்பெயர்ந்த உறவுகளையும் கேட்கிறேன். கோயில் கோபுரத்துக்குக் காசு அனுப்புங்கள், வேண்டாம் என்று சொல்ல நான் யார்? அதில் ஒரு பங்கு உங்கள் ஊர்ச் சங்கத்துக்கும் வரட்டும்.

கூட்டுறவு, 1987இல் வந்த அரசியலமைப்பின் 13ஆம் திருத்தத்தின்படி மாகாண சபைக்குரிய விடயம். வட மாகாண சபையின் காலம் 2018 ஒக்டோபரில் முடிந்தது. அதன்பின் தேர்தல் வைக்கப்படவில்லை. கழிவை நிறுத்து என்றும் சங்கத்துக்குக் குளிரறை கொடு என்றும் மக்கள் போய்க் கேட்க, வாக்குக்குப் பதில் சொல்ல வேண்டிய ஓர் உறுப்பினர்கூட அங்கே இல்லை. தேர்தலை வையுங்கள். வைக்கும்போது வாக்குக் கேட்டு வருகிறவரிடம் வெங்காயத்தின் விலையையும் மண்ணெண்ணெயின் விலையையும் முதலில் கேளுங்கள்.