கொழும்பு நூதனசாலை மன்னரின் அரண்மனை அல்ல

கொழும்புத் தேசிய நூதனசாலைக் கட்டடம் கண்டியின் கடைசி மன்னர் ஸ்ரீ விக்கிரம ராஜசிங்கன் வாழ்ந்த அரண்மனை என்று வாட்ஸ்அப்பில் ஒரு தகவல் சுற்றுகிறது. பிள்ளைகளின் பள்ளிக்கூடக் குழுக்களில்கூடப் பகிர்கிறார்கள். அது பிழை.

மன்னர் 1815இல் பிடிபட்டார். அடுத்த ஆண்டே கொழும்பிலிருந்து கப்பலேற்றி வேலூருக்குக் கொண்டுபோனார்கள். 1832இல் அங்கேயே இறந்தார். இந்த வெள்ளைக் கட்டடமோ நூதனசாலைக்கென்றே ஆளுநர் வில்லியம் கிரெகரி காலத்தில் எழும்பி, 1877 ஜனவரி 1ஆம் திகதி திறக்கப்பட்டது. கட்டியவர் வாப்பிச்சி மரைக்கார். நம்மவர் ஒருவரின் உழைப்பு அது. இல்லாத அரண்மனைக் கதையில் அந்தப் பெயர் மறைந்துபோவதுதான் எனக்குப் பெரிய வருத்தம்.

சரி, குழப்பம் ஏன் வந்தது? கண்டி மன்னர்களின் சிம்மாசனம் உள்ளே இருப்பதால் இருக்கலாம். கைப்பிடிகளில் சிங்கங்கள், சாய்வின் உச்சியில் சூரியன். 1693இல் ஒல்லாந்தர் அன்பளிப்பாகக் கொடுத்தது; பிறகு ஆங்கிலேயர் எடுத்துப்போய், 1934இல் திருப்பித் தந்தார்கள்.

அரச மாளிகையே நூதனசாலையானது கண்டியில்தான். தலதா மாளிகைக்கு அருகே, அரசியர் தங்கிய 'பள்ளே வாசல' அது.