எங்கப்பா எப்போது பார்ட்னர் ஆனார்?

"பார்ட்னரின் சம்மதக் கடிதம் இணைக்கப்படவில்லை. விண்ணப்பம் திருப்பி அனுப்பப்படுகிறது."

இன்று காலை போக்குவரத்துத் துறை போர்ட்டலைத் திறந்தால் இது உட்கார்ந்திருக்கிறது. எனக்குப் பார்ட்னரே கிடையாது. தனி ஆளாக, என் பெயரில், என் கடனில், பெங்களூரு வழக்கப்படி பத்து மாத வாடகையை அட்வான்ஸாகக் கொட்டி, விவேக்நகர் பக்கம் ஒரு எலக்ட்ரிக் ஸ்கூட்டர் கடை போட்டிருக்கிறேன். அவர்கள் பார்ட்னர் என்று சொல்வது என் அப்பாவை. அவர் குடியாத்தத்தில் திண்ணையில் உட்கார்ந்து பேப்பர் படித்துக்கொண்டிருக்கிறார்.

டிரேடு சர்டிபிகேட்டுக்கு, அதாவது பதிவாகாத வண்டியை டீலர் ரோட்டில் இறக்க ஆர்டிஓ கொடுக்கும் அனுமதிக்கு, அலைந்தவர்களுக்கு இதற்கு மேல் எதையும் விளக்க வேண்டியதில்லை. அலையாதவர்கள் புண்ணியம் செய்தவர்கள், போய் வேறு வேலை பாருங்கள்.

ஆதாரில் என் பெயருக்கு முன்னால் அப்பாவின் முதலெழுத்து, ஒரு புள்ளி. நம் ஆட்கள் எல்லாருக்கும் இருக்கிறதுதான். பான் கார்டுக்கு எழுதிப் போட்டபோது கடைசிப் பெயர் என்ற கட்டத்தில் இனிஷியல் செல்லாது என்றார்கள், அதனால் அப்பா முழுசாக இறங்கி வந்து என் பெயருக்குப் பின்னால் நின்றுகொண்டார். ஜிஎஸ்டி பதிவு பான் கார்டைப் பார்த்து எழுதப்பட்டது, அங்கேயும் பின்னால்தான் நிற்கிறார். வண்டிக் கம்பெனி கொடுத்த டீலர் அங்கீகாரம், அதாவது படிவம் 16ஏ, அதில் மறுபடி புள்ளியாகச் சுருங்கி முன்னால் வந்துவிட்டார். வாடகை ஒப்பந்தத்தில் 'இன்னாரின் மகன்' என்று நடுவில். ஒரே அப்பா, ஐந்து காகிதத்தில் மூன்று போஸ்.

இதற்கு முன்பே ஒருமுறை ஒரிஜினல் எல்லாம் எடுத்துக்கொண்டு நேரில் வரச் சொன்னார்கள். நேரில் வரவே வேண்டாம், எல்லாம் ஆன்லைனில் என்றுதான் 2022-இல் விதியைத் திருத்தினார்கள், அந்த நவம்பர் 1 முதல் அமலுக்கும் வந்துவிட்டது. பேச்சு மாறவில்லை. அலுவலகத்துக்குள் போக வேண்டியதில்லைதான். அலுவலகத்துக்கு எதிரே இருக்கும் ஜெராக்ஸ் கடைக்குப் போனால் போதும், அங்கிருந்து தானாக உள்ளே கூப்பிடுவார்கள்.

கவுன்ட்டரில் ஒரு மேடம். தமிழ் பேசினார், அதற்காகவே ஒரு கும்பிடு போட்டேன். பான் கார்டை எடுத்தார், என் பெயருக்குப் பின்னால் இருந்த பெயரில் பேனாவை வைத்தார்.

"இவரு யாரு?"

"எங்கப்பா மேடம்."

"எங்க அவரு?"

"ஊர்ல."

"எந்த ஊரு?"

"குடியாத்தம்."

"அது எங்க இருக்கு?"

"வேலூர் பக்கம்."

"பிசினஸ் இங்க, பார்ட்னர் வேலூர்லயா?"

"பார்ட்னர் இல்ல மேடம், அப்பா."

"அப்பா பார்ட்னரா இருக்கக் கூடாதா?"

இருக்கலாம்தான். சட்டத்தில் தடை இல்லை. நான் என்ன பதில் சொல்வது? அது அவர் பெயர், என் பெயரோடு ஒட்டிக்கொண்டு வருகிறது, எங்களுக்குக் குடும்பப் பெயர் கிடையாது, அப்பா பெயர்தான் என்று விளக்கினேன். பொறுமையாகக் கேட்டார். கேட்டுவிட்டு 16ஏ-வை எடுத்தார்.

"இதுல ஏன் இவரு இல்ல?"

"இருக்காரு மேடம். அந்தப் புள்ளி."

"எது?"

"முன்னாடி ஒரு எழுத்து, அதுக்கப்புறம் புள்ளி. அதை விரிச்சா அப்பா."

"சரி. அப்போ அப்பா இருக்காரு."

"இருக்காரு மேடம்."

"இருந்தா கையெழுத்து போடணுமில்ல?"

இந்தக் கேள்விக்கு என்னிடம் இன்றுவரை பதில் இல்லை. எவ்வளவு திருப்பிப் போட்டாலும் அதில் ஒரு ஓட்டை கண்டுபிடிக்க முடியவில்லை. உயிரோடு இருக்கிறார், பெயர் இருக்கிறது, கையெழுத்து இல்லை. எனக்கே ஒரு நிமிடம் இது பெரிய மோசடி என்று பட்டது.

மேடம் எழுந்து உள்ளே போய் சூப்பிரண்டை அழைத்து வந்தார். அவர் பான் கார்டை எடுத்தார், பேனாவை வைத்தார், "இவரு யாரு?" என்றார். முழுக்க முதலிலிருந்து. குடியாத்தம் வரை வந்தோம், வேலூர் வந்தது, புள்ளி வந்தது. பின்னால் வரிசையில் ஒருவர் "பேகா மாடி சார்", சீக்கிரம் முடியுங்கள் என்று கன்னடத்தில் சத்தம் போட்டார். சூப்பிரண்டு அவரை முறைத்துவிட்டு, "அப்பாவோட ஆதார் இருக்கா?" என்று என்னைக் கேட்டார். என் கடைக்கு எதற்கு அப்பாவின் ஆதார்? "அவரு வேற ஆளுன்னு நிரூபிக்கணும்." அப்பா வேறு ஆள் என்று நான் நிரூபிக்க வேண்டும். அப்புறம் சாப்பாட்டு நேரம் ஆகிவிட்டது.

சூப்பிரண்டின் கழுத்தில் தொங்கிய அடையாள அட்டையில் பெயருக்கு முன்னால் இரண்டு இனிஷியல். இரண்டு! கன்னடக்காரர்களுக்கு இது தெரியாத விஷயமா என்ன? தேவகவுடா பிரதமராகவே இருந்தவர். எச்.டி. என்றால் எச் ஊர், டி அப்பா. ஹரதனஹள்ளி தொட்டேகவுடா. நல்லவேளை அவர் ஸ்கூட்டர் கடை வைக்க நினைக்கவில்லை. ஹரதனஹள்ளி ஊரையே ஸ்லீப்பிங் பார்ட்னராகச் சேர்த்து, வீட்டுக்கு வீடு சம்மதக் கடிதம் வாங்கி வரச் சொல்லியிருப்பார்கள்.

நோட்டரியிடம் போனேன். மூன்று விதமாக எழுதப்பட்டிருப்பதும் ஒரே ஆள்தான் என்று முத்திரைத் தாளில் உறுதிமொழி. அதை டைப் அடித்த பையன் அப்பா பெயரில் ஓர் எழுத்தைக் கூட்டிவிட்டான். இப்போது நாலாவதாக ஒரு ஆள். வெளியே மரத்தடியில் நிற்கும் ஏஜென்ட் எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருந்தார். "நீங்க ஏன் சார் இந்த வெயில்ல? எங்ககிட்ட விட்டிருந்தா அப்பாவே வந்திருக்க மாட்டாரு" என்றார்.

உண்மையில் வயிறு எரிவது வேறு இடத்தில். அதே 2022 திருத்தத்தில் ஓர் அருமையான வரி இருக்கிறது: முப்பது நாளுக்குள் அலுவலகம் முடிவு சொல்லாவிட்டால், சான்றிதழ் வழங்கப்பட்டதாகவே எடுத்துக்கொள்ளலாம். படித்தபோது கண்ணில் நீர் வந்தது. எவனோ ஒரு நல்லவன் டெல்லியில் உட்கார்ந்து நமக்காக எழுதியிருக்கிறான். ஃபைலை அலமாரியில் போட்டுத் தூங்குகிறவர்களுக்கு இதை விடப் பெரிய ஆப்பு வேண்டுமா?

அவர்கள் தூங்குவதை நிறுத்திவிட்டார்கள். அவ்வளவுதான் நடந்தது. முப்பது நாள் முடியப் போகும் நேரத்தில், சொல்லி வைத்ததுபோல ஒரு கேள்வி வரும். ஒரே ஒரு கேள்வி. கடைப் போட்டோவில் பெயர்ப்பலகை முழுதாகத் தெரியவில்லை. சரி, எடுத்து அனுப்பு. திரும்ப ஒன்றிலிருந்து எண்ணிக்கை. அடுத்து, வாடகை ஒப்பந்தத்தில் கதவு எண் மங்கலாக இருக்கிறது. அனுப்பு. மறுபடி ஒன்று. இந்தக் கேள்விகள் எல்லாம் முதல் நாளே அதே காகிதத்தில்தானே இருந்தன? ஒரே தாளில் எல்லாக் குறைகளையும் எழுதிக் கொடுத்தால் பேனா மை தீர்ந்துவிடுமா? முன்பெல்லாம் மௌனம் சாதித்து இழுப்பார்கள். மௌனத்தைச் சட்டம் தடுத்ததும் பேசிப் பேசி இழுக்கக் கற்றுக்கொண்டார்கள்.

பெயர்ப்பலகை பற்றி ஒரு வார்த்தை. அறுபது சதவீதம் கன்னடம் இருக்க வேண்டும் என்பது இங்கே சட்டம். எனக்கு அதில் ஒரு வருத்தமும் இல்லை, இந்த ஊரில் பிழைக்கிறோம், எழுதுவோம். எழுதி, மாட்டி, ஏணி வைத்து லைட்டும் போட்டேன். அதற்குக் கீழே விற்க ஒரு வண்டியைக் கூட ரோட்டில் இறக்க முடியவில்லை என்பதுதான் வருத்தம்.

டிரேடு சர்டிபிகேட் இல்லாமல் பதிவாகாத வண்டியைத் தெருவுக்குக் கொண்டுவந்தால் முதல் தடவை 5,000 ரூபாய் வரை, அடுத்த தடவை 10,000 வரை அபராதம். ஆகவே என் கடையில் டெஸ்ட் டிரைவ் கடைக்குள்ளேயே நடக்கிறது. கல்லாவிலிருந்து கிளம்பி, பின்சுவர் வரை போய், பிரேக் பிடித்து, காலால் தள்ளிப் பின்னால் வர வேண்டும். "பிக்கப் எப்படி இருக்கு சார்?" என்று கேட்கிறேன். அவர் சுவரைப் பார்க்கிறார்.

டீலர் லாகினும் இதோடு சேர்ந்து தொங்குகிறது. லாகின் இல்லையா, தற்காலிகப் பதிவு போட்டுத் தர முடியாது. ஓசூரிலிருந்து தினமும் இங்கே வேலைக்கு வரும் ஒரு தம்பி முதல் ஆளாக முன்பணம் கட்டினான். வண்டியை ஓசூரில்தான் பதிய வேண்டும், அதுவரை ஓட்டிப் போக ஒரு டெம்பரரி போதும். மஞ்சள் பலகையில் சிவப்பு எழுத்து, டி என்று ஆரம்பிக்கும் அந்த நம்பர். முன்பு ஒரு மாதம்தான் செல்லும், 2019 சட்டத் திருத்தத்துக்குப் பிறகு ஆறு மாதம் வரை செல்லும். ஆறு மாதம் செல்லக்கூடிய ஒரு காகிதத்தை கர்நாடக எல்லையில் இருக்கும் அத்திப்பள்ளி தாண்டும் வரைக்குமாவது என்னால் கொடுக்க முடிந்ததா? ஆயுத பூஜைக்கு வண்டி வேண்டும் என்றான். சக்கரத்தடியில் வைக்க எலுமிச்சம்பழம் வரை வாங்கி வைத்திருந்தேன். "அண்ணா, பரவால்ல அண்ணா, உங்க நிலைமை புரியுது" என்று ரொம்ப மரியாதையாக முன்பணத்தைத் திருப்பி வாங்கிக்கொண்டு ஓசூரிலேயே வேறு வண்டி எடுத்துவிட்டான். திட்டியிருந்தால்கூட ஆறியிருக்கும்.

பேட்டரி வண்டிகளுக்குப் பதிவுச் சான்றிதழ் கட்டணத்தை 2021-லேயே மத்திய அரசு தள்ளுபடி செய்துவிட்டது. சுற்றுச்சூழல் மேல் அவ்வளவு அக்கறை. கட்டணத்துக்குத்தான் விலக்கு, அலைச்சலுக்கு இல்லை. என் மச்சான் ஒரு யோசனை சொல்கிறான்: மோட்டார் கால் கிலோவாட்டுக்குக் குறைவு, வேகம் மணிக்கு 25 கிலோமீட்டருக்குக் குறைவு என்றால் விதிப்படி அது மோட்டார் வாகனமே இல்லையாம். பதிவும் வேண்டாம், சான்றிதழும் வேண்டாம். "அதையே விக்கலாமே மாமா, இந்த ஊர் டிராபிக்ல எவன் இருபத்தஞ்சைத் தாண்டுறான்?" அவன் சொல்வதில் நியாயம் இருப்பதுதான் எரிச்சலைக் கிளப்புகிறது.

கடைசியில் வேறு வழியில்லாமல் இன்று மத்தியானம் அப்பாவுக்கு போன் போட்டேன். கூட்டுறவு வங்கியில் கேஷியராக இருந்து ஓய்வு பெற்றவர். எதையும் இரண்டு முறை எண்ணுவார். ஒரு வெள்ளைத் தாளில் சம்மதம் என்று எழுதிக் கையெழுத்துப் போட்டு அனுப்புங்கள் என்றேன்.

"எதுக்குச் சம்மதம்?"

"நீங்க பார்ட்னர்னு நினைச்சுக்கிட்டாங்கப்பா."

கொஞ்ச நேரம் சத்தமே இல்லை. அப்புறம் கேட்டார்: "எத்தனை சதவீதம்?"

"அப்பா, நீங்க பார்ட்னரே இல்ல. அது தப்பு."

"கவர்ன்மென்ட்டே எழுதியிருக்கான், நீ தப்புங்கறே. நான் பணம் போட்டிருக்கேனா, போடலையா?"

"போடல."

"போடாமலேயே பார்ட்னர்னா நல்லதுதானே. போன வருஷம் லாபம் என்ன?"

"இன்னும் ஒரு வண்டிகூட விக்கலப்பா."

"அப்போ நஷ்டத்துல எனக்குப் பங்கு உண்டா? அதை முதல்ல எழுதிக் குடு. அதுக்கப்புறம் சம்மதம் பத்திப் பேசலாம். ஆடிட்டர் யாரு?"

போனை வைத்துவிட்டுச் சிரித்தேன். ஷட்டரைப் பாதி இறக்கிவிட்டு, ஓடாத ஸ்கூட்டர் மேல் உட்கார்ந்து தனியாகச் சிரித்தேன். அலுவலகத்துக்கு அப்பாவின் கையெழுத்து வேண்டும், அப்பாவுக்கு என்னுடைய கணக்குப் புத்தகம் வேண்டும். இரண்டு பேருமே கேள்வியை ஒவ்வொன்றாகத்தான் கேட்பார்கள். அப்பா மட்டும் இன்னும் சர்வீஸில் இருந்திருந்தால் அந்தக் கவுன்ட்டருக்குப் பொருத்தமான ஆள் அவர்தான்.

அப்புறம், பக்கத்து ஜூஸ் கடைக்காரரே, உங்களுக்கும் ஒன்று. உங்கள் சவுண்ட் பாக்ஸின் சத்தத்தை யாராவது கொஞ்சம் குறையுங்கள். ஐம்பது ரூபாய் வந்தது, எண்பது ரூபாய் வந்தது என்று காலையிலிருந்து ராத்திரி வரை தெருவுக்கே கேட்கிறது. உங்களுக்குப் பணம் வருவதில் எனக்குப் பொறாமை இல்லை, சத்தியமாக இல்லை. ஆனால் ஒரு சாத்துக்குடி ஜூஸுக்கு எதற்கய்யா இத்தனை பெரிய அறிவிப்பு? உங்களுக்குத்தானே வந்தது, உங்கள் காதில் சொன்னால் போதாதா?