இடம் பார்ப்பவருக்கும் டைட்டிலில் ஓர் இடம் வேண்டும்

கலை இயக்கத்துக்கு வர விரும்பும் இளைஞர்கள், குறிப்பாகக் கட்டடக்கலை படித்தவர்கள், பெரும்பாலும் செட் வரைபடங்களோடுதான் வருகிறார்கள். அதில் வியப்பில்லை, ‘நாயகன்’ (1987) படத்துக்காக மும்பையின் தாராவியைச் சென்னையில் செட்டாக எழுப்பித் தேசிய விருது பெற்ற தோட்டா தரணியைப் பார்த்து வளர்ந்த துறை இது. ஆனால் ஏற்கெனவே இருக்கும் ஓர் இடத்தைத் தேடிப் பிடித்து, அனுமதி வாங்கி, சேதமின்றித் திருப்பி ஒப்படைக்கும் லொகேஷன் பணியைத் தமிழ் சினிமா இன்னும் தனித் தொழிலாக மதிக்கவில்லை என்பதே என் மனக்குறை.

காரைக்குடிப் பக்கம் ஒரு செட்டிநாட்டு வீட்டில் படம்பிடிப்பதாக வைத்துக்கொள்வோம். வீடு ஒன்றுதான் என்றாலும் அதற்குப் பங்காளிகள் பலர் இருப்பார்கள். ஒருவர் சென்னையில், இன்னொருவர் சிங்கப்பூரில் என்றிருக்க, சாவி வைத்திருப்பவர் தலையசைத்ததை அனுமதியாக எடுத்துக்கொள்ள முடியாது. சுண்ணாம்புச் சாந்து பூசிக் கண்ணாடிபோல் மெருகேற்றிய சுவரில் ஆணி அடிக்கக் கூடாது; ஆத்தங்குடிக் கல் பதித்த தரையில் பலகை விரிக்காமல் கேமரா ட்ராலி போடக் கூடாது. முற்றத்தில் வெயில் எந்நேரத்தில் விழுகிறது, ஜெனரேட்டரை எங்கே நிறுத்தினால் ஒலிப்பதிவு கெடாது, தெருவுக்குள் கேரவன் நுழையுமா, யூனிட்டில் இருக்கும் பெண்களுக்குக் கழிப்பறை எங்கே (இது எப்போதும் கடைசியில்தான் நினைவுக்கு வருகிறது) என்பவற்றுக்கெல்லாம் ரெக்கியிலேயே, அதாவது படப்பிடிப்புக்கு முன் இடத்தை நேரில் போய்ப் பார்க்கும்போதே, விடை தெரிந்திருக்க வேண்டும். மாமல்லபுரத்துச் சின்னங்கள் என்றால் தொல்லியல் துறை, காடு என்றால் வனத்துறை என்று வேறு வேறு படிகள் ஏற வேண்டும்.

இங்கே இவ்வளவையும் பல படங்களில் உதவி இயக்குநர்கள் எடுத்துவந்த கைபேசிப் படங்களை நம்பியும், சாப்பாடு முதல் பேட்டா வரை ஏற்கெனவே சுமக்கும் புரொடக்‌ஷன் மேனேஜரின் தலையில் கட்டியும் ஒப்பேற்றுகிறோம். விளைவு, படப்பிடிப்பு நாளன்று கேள்விப்படாத பங்காளி ஒருவர் வாசலில் வந்து நிற்கிறார். மொத்த யூனிட்டும் மரத்தடியில் உட்கார்ந்திருக்கிறது.

இதனால் வடிவமைப்பும் கெடுகிறது. வீட்டின் வெளிப்புறத்தைக் காரைக்குடியில் எடுத்து உட்புறத்தைச் சென்னையில் செட் போடும்போது, நிலைப்படியின் உயரமும் வாசலின் திசையும் சரியாகக் குறிக்கப்படாவிட்டால், நடிகர் கதவைத் தாண்டியதுமே வீடு மாறிவிடும். எதைக் கட்டுவது, எதை உள்ளபடியே பயன்படுத்துவது என்று கலை இயக்குநர் எடுக்கும் முடிவு, இடம் பார்த்தவர் தரும் விவரங்களையே நம்பி நிற்கிறது.

அமெரிக்காவில் லொகேஷன் மேனேஜர்களுக்கென்றே ஒரு சங்கமும் விருதும் உண்டு. நான் அவ்வளவு தூரம் போகவில்லை. தயாரிப்பாளர்கள் பட்ஜெட்டில் இப்பணிக்கென ஒரு சம்பளமும், டைட்டிலில் ஒரு வரியும் ஒதுக்கட்டும். கலை இயக்கத்துக்கு வரும் இளைஞர்களும் ஒரு படத்திலாவது அளவு நாடாவோடு ரெக்கிக்குப் போய்விட்டு, அதன்பின் செட் வரைய உட்காரட்டும்.