ஓவர்டேக் எடுத்துவிட்டுப் பாதியில் திரும்பி வருவது பற்றி

இரவில் எதிரே ஒற்றை விளக்கு தெரிந்தால் பைக் என்றுதான் நினைப்போம். நானும் அப்படித்தான் நினைத்துக்கொண்டிருந்தேன், ஒரு சாயங்காலம் வரைக்கும்.

இருட்டத் தொடங்கிய நேரம். முன்னால் ஒரு லாரி, 60ஐத் தாண்ட மாட்டேன் என்று போய்க்கொண்டிருந்தது. அரை மணி நேரமாக அதன் தார்ப்பாயையே பார்த்துக்கொண்டு வந்ததில் எரிச்சல். பக்கத்து இருக்கையில் அப்பா. சாலை நேராக இருந்தது, நடுவில் விட்டுவிட்டுப் போட்ட கோடு, தூரத்தில் ஒரே ஒரு விளக்கு. பைக்தானே, ஓரமாகப் போய்விடும் என்று வண்டியை வெளியே எடுத்தேன். லாரியின் பாதி நீளத்துக்கு வந்தபோதுதான் அந்த விளக்குக்குப் பக்கத்தில் இருட்டாக இன்னொரு பாதி இருப்பது தெரிந்தது. ஒரு பக்க விளக்கு அணைந்துபோன கார்.

அப்பா ஒன்றும் சொல்லவில்லை. அவர் கை மட்டும் முன்னால் போய் டேஷ்போர்டைப் பிடித்துக்கொண்டது.

பிரேக் போட்டேன். லாரி என்னைத் தாண்டிப் போனது, அதன் பின்னால் திரும்பவும் ஒட்டிக்கொண்டேன். எதிரே வந்த கார் ஹாரனிலிருந்து கையை எடுக்காமல் கடந்து போனது. எல்லாம் நல்லபடியாக முடிந்தது, சொல்வதற்குப் பெரிய கதை இல்லை. ஆனால் இன்றுவரை என்னை உறுத்துவது ஒன்று உண்டு. அது கார் என்று தெரிந்ததும் என் கால் முதலில் போனது பிரேக்குக்கு இல்லை, ஆக்ஸிலரேட்டருக்கு. இன்னும் கொஞ்சம் மிதித்தால் தாண்டிவிடலாம் என்று ஒன்று, ஒன்றரை வினாடி மிதித்தேன். அந்த ஒன்றரை வினாடியைப் பற்றித்தான் இந்தப் பதிவு.

எதிர்த்தடத்தில் ஏறுவதைப் பற்றிப் பேச்சு வந்தாலே எல்லோரும் அபராதத்தில் போய் நின்றுவிடுகிறோம். எவ்வளவு, எங்கே கேமரா இருக்கிறது, எந்தக் கோட்டைத் தாண்டினால் பிடிப்பார்கள். தண்டனை வேண்டாம் என்று சொல்லவில்லை. இந்தியாவில் 2019 திருத்தத்துக்குப் பிறகு போக்குவரத்து ஓட்டத்துக்கு எதிராக ஓட்டுவது, ஆபத்தான ஓட்டுதல் என்ற குற்றத்துக்குள் பெயர் சொல்லியே வந்துவிட்டது. ரஷ்யாவில் எதிர்த்தடத்தில் ஏறியதற்காக 4 முதல் 6 மாதம் வரை உரிமத்தையே பறிக்கலாம். இருக்கட்டும். ஆனால் அந்தச் சாயங்காலம் நான் எந்தச் சட்டத்தையும் மீறவில்லை. விட்டுவிட்டுப் போட்ட கோடு. தாண்டலாம் என்றுதான் அதற்கு அர்த்தம். செத்திருந்தால் சட்டப்படி செத்திருப்பேன்.

கோட்டைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். அமெரிக்காவில் மிச்சிகன் மாநிலத்தின் வெய்ன் கவுன்டியில் 1911இல் எட்வர்ட் ஹைன்ஸ் என்பவர் சாலையின் நடுவே கோடு போட வைத்தார். கலிஃபோர்னியாவில் ஜூன் மெக்கரோல் என்ற மருத்துவரை எதிரே வந்த லாரி ஒன்று சாலையை விட்டே இறக்கிவிட, அவர் 1917இல் தன் வீட்டுக்கு முன்னால் இருந்த சாலையில் தானே வெள்ளைக் கோடு வரைந்தார் என்பார்கள். யார் முதலில் என்ற சண்டை நமக்கு வேண்டாம். இது உன் பக்கம், அது என் பக்கம் என்று பிரித்துவைக்க வந்ததுதான் கோடு.

முழுக்கோடும் விட்டுவிட்டுப் போட்ட கோடும் பின்னால் வந்த ஏற்பாடு. முழுக்கோட்டைத் தாண்டவும் கூடாது, அதன்மேல் சக்கரத்தை ஏற்றி ஓட்டவும் கூடாது என்று 1968ஆம் ஆண்டு வியன்னாவில் ஒப்பந்தமே போட்டுவைத்தார்கள். அந்தக் கோட்டை யாரும் மனம்போன போக்கில் போடுவதில்லை. ஓட்டுநரின் கண் தரையிலிருந்து எவ்வளவு உயரத்தில் இருக்கும், எதிரே வரும் வண்டி எவ்வளவு தூரத்தில் கண்ணில் படும் என்று அளந்து, மேடும் வளைவும் மறைக்கிற இடத்தில் முழுக்கோடு இழுக்கிறார்கள். அமெரிக்கக் கணக்கில் கண்ணின் உயரம் மூன்றரை அடி. அதனால் முழுக்கோட்டை ‘தாண்டினால் பிடிப்பேன்’ என்று எடுத்துக்கொள்வதைவிட, ‘உனக்குத் தெரியாத ஒன்று முன்னால் இருக்கிறது’ என்று ஒருவர் எழுதிவைத்துவிட்டுப் போன சீட்டாக எடுத்துக்கொள்ளலாம். முன்பின் தெரியாத சாலையில் வழி தெரிந்தவர் பேச்சைக் கேட்போம் இல்லையா, அது மாதிரி.

சரி, விட்டுவிட்டுப் போட்ட கோடு என்ன சொல்கிறது? இங்கேதான் எனக்குத் தூக்கிவாரிப்போட்டது.

ஒரு சின்னக் கணக்கு போட்டுப் பாருங்கள். லாரி 60இல் போகிறது, நாம் 80. வித்தியாசம் 20 கி.மீ., அதாவது வினாடிக்கு ஐந்தரை மீட்டர்தான். லாரி 10 மீட்டர், நம் வண்டி 4 மீட்டர், முன்னாலும் பின்னாலும் ஆளுக்கு 20 மீட்டர் இடைவெளி. மொத்தம் 54 மீட்டரை அந்த ஐந்தரை ஐந்தரையாகக் கடக்க 10 வினாடி ஆகும். அந்த 10 வினாடியில் நாம் 220 மீட்டர் போயிருப்போம். எதிரே வருகிறவரும் 80இல் வந்தால் அவரும் 220 மீட்டர் வந்திருப்பார். ஆக, கிட்டத்தட்ட 450 மீட்டர் வெறும் சாலை கண்ணுக்குத் தெரிந்தாக வேண்டும். லாரியின் பின்னால் 60இல் ஒட்டிக்கொண்டு வந்து அங்கிருந்து வேகம் பிடிப்பவருக்கு இன்னும் கூட. இந்தியச் சாலைப் பொறியாளர்கள் 80 கி.மீ. வேகத்துக்கு ஓவர்டேக் பார்வைத் தூரம் என்று வைத்திருப்பது 470 மீட்டர். நம் கணக்கும் அதுவும் ஒத்துப்போகின்றன.

ஆனால் அமெரிக்காவில் கோடு போடும் கையேட்டைப் பாருங்கள். கிட்டத்தட்ட அதே வேகம், மணிக்கு 50 மைல். அங்கே 800 அடி தெரிந்தால் போதும், முழுக்கோடு தேவையில்லை. 800 அடி என்பது ஏறக்குறைய 245 மீட்டர். நமக்கு வேண்டியதில் பாதிதான்! கையேட்டில் பிழை ஒன்றும் இல்லை. வெளியே எடுத்தவர் எதிரே வண்டியைக் கண்டால் ஓவர்டேக்கைக் கைவிட்டுப் பின்வாங்குவார் என்ற எண்ணம் அந்தத் தூரத்துக்குள்ளேயே இருக்கிறது. அதாவது, விட்டுவிட்டுப் போட்ட கோடு ‘தாண்டி முடித்துவிடலாம்’ என்று வாக்குக் கொடுக்கவில்லை. ‘முயற்சி செய்து பார், முடியாவிட்டால் திரும்பி வா’ என்கிறது. நமக்கு முதல் பாதி மட்டும் காதில் விழுந்திருக்கிறது.

திரும்பி வருவதை நமக்கு யாராவது சொல்லிக்கொடுத்திருக்கிறார்களா? எனக்கு ஓட்டக் கற்றுக்கொடுத்தவர் எட்டுப் போட வைத்தார், ரிவர்ஸ் எடுக்க வைத்தார், மேட்டில் நிறுத்தி கிளச்சை விட வைத்தார். ஓவர்டேக்கைப் பற்றி அவர் சொன்னது ஒரே வரி: “எடுத்தா தயங்காம போயிடணும், தம்பி.” இருபது வருஷம் அந்த வாக்கியத்தோடுதான் ஓட்டினேன். அன்றைக்கு ஆக்ஸிலரேட்டரை மிதித்ததும் அந்த வாக்கியம்தான் என்று நினைக்கிறேன். லாரியின் டிரைவர் சீட்டைத் தாண்டாதவரை, சந்தேகம் வந்த கணமே பிரேக்தான் என்பது எனக்கு நாற்பது வயதுக்கு மேல் புரிந்தது.

கண்ணும் இதில் நமக்குத் துணை வராது. 400 மீட்டர் தூரத்தில் ஒரு கார் எவ்வளவு அகலமாகத் தெரியும் தெரியுமா? முழுநிலாவின் அகலத்தில் பாதி. இரண்டு பேரும் 80இல் நெருங்கும்போது அது இரண்டு மடங்காகத் தெரிய நாலரை வினாடி ஆகும். அடுத்த இரண்டு மடங்குக்கு இரண்டேகால் வினாடி. அதற்கடுத்ததற்கு ஒரு வினாடிக்குச் சற்று மேல். முதலில் அசையாமல் நிற்பது போலிருக்கும், திடீரென்று கண்ணாடி முழுக்க வந்து நிற்கும். ‘எங்கிருந்துதான் வந்தானோ’ என்று சொல்வது பொய்யில்லை. அவர் அங்கேதான் இருந்தார், வந்துகொண்டுதான் இருந்தார். நம் கண்ணுக்கு அவர் வேகம் தெரியவில்லை, அவ்வளவுதான். பைக் என்றால் இன்னும் மோசம். சிறியது என்பதாலேயே தூரத்தில் இருப்பதாகத் தோன்றும்.

நேருக்கு நேர் மோதினால் இரண்டு வேகத்தையும் கூட்டி 160இல் சுவரில் மோதியதற்குச் சமம் என்று எல்லோரும் சொல்வார்கள். அது தப்பு. ஒரே எடையுள்ள இரண்டு கார்கள் என்றால், ஆளுக்கு 80இல் சுவரில் மோதியதற்குச் சமம். இதைக் கேட்டு நிம்மதி அடைய வேண்டாம். 80 என்பது 25 மீட்டர் உயரத்திலிருந்து விழுகிற வேகம். ஏழெட்டு மாடி. எதிரே வருவது கார் இல்லாமல் லாரியாக இருந்தால் அடியில் பெரும்பங்கு நமக்குத்தான்.

இதுவரை ஓவர்டேக் எடுப்பவரைப் பற்றியே பேசிவிட்டேன். மற்றவர்கள் ஒன்றும் சும்மா இல்லை. அன்றைக்கு நான் பிரேக் போட்டுப் பின்வாங்கியபோது என் இடம் ஏறக்குறைய போயிருந்தது. நான் வெளியே எடுத்த உடனே பின்னால் வந்த கார் முன்னேறி லாரியின் வாலைப் பிடித்துவிட்டது. கடைசி நேரத்தில் அவர் நிதானித்து இடம் விட்டார், பிழைத்தேன். ஒருவர் ஓவர்டேக்குக்கு வெளியே போனால் அவர் விட்ட இடம் காலி இடம் ஆகிவிடாது. அவர் தாண்டி முடிக்கும்வரை அது அவர் இடம். இதை எழுதி மாட்ட வேண்டும் போல இருக்கிறது.

அப்புறம், தாண்டப்படும்போது ரோஷம் வந்து வேகத்தைக் கூட்டுகிறவர்கள். வியன்னா ஒப்பந்தம் இதையும் விடவில்லை. ஒருவர் உங்களைத் தாண்டப் பார்க்கிறார் என்று தெரிந்தால் ஓரம் ஒதுங்கு, வேகத்தைக் கூட்டாதே என்கிறது. ஒப்பந்தம் வந்து அரை நூற்றாண்டு தாண்டிவிட்டது, ரோஷம் அப்படியே இருக்கிறது. சிலர் இதற்கு நேர்மாறு. பக்கத்தில் ஒருவர் மாட்டிக்கொண்டதைப் பார்த்ததும் பதறி பிரேக்கை மிதித்துவிடுவார்கள். நல்ல மனசுதான். ஆனால் அவரும் பின்வாங்க பிரேக் போட்டிருந்தால் இரண்டு பேரும் பக்கத்துப் பக்கத்தில் அப்படியே நிற்பீர்கள். அவர் என்ன செய்யப் போகிறார் என்று ஒரு கணம் பார்த்துவிட்டுச் செய்வதே நல்லது. முன்னேறினால் இடம் கொடுங்கள். பின்வாங்கினால் உங்கள் வேகத்திலேயே போய்விடுங்கள்.

லாரி டிரைவர் போடும் இண்டிகேட்டரைப் பற்றித் தனியாகவே எழுதலாம். சில இடங்களில் அதற்கு ‘பாதை காலி, போ’ என்று அர்த்தம். சில நேரம் அவர் உண்மையிலேயே அந்தப் பக்கம் திரும்பப் போகிறார். இரண்டுக்கும் ஒரே விளக்கு! இன்னொருவரின் கண்ணை நம்பி எதிர்த்தடத்தில் ஏறுவது எனக்கு உடன்பாடில்லை. முன்னால் ஒருவர் ஓவர்டேக் எடுக்கிறார் என்று அவர் பின்னாலேயே ஒட்டிக்கொண்டு போவதும் இதே கணக்கில்தான் வரும். அவர் உள்ளே நுழைந்துவிடுவார். எதிர்த்தடத்தில் தனியாக நிற்பது நாம்தான்.

சட்டம் எல்லா இடத்திலும் கண்மூடித்தனமானது என்று நினைக்க வேண்டாம். பிரிட்டனில் நம் பக்கம் முழுக்கோடு இருந்தாலும், எதிர்ப்பக்கம் காலியாக இருந்தால் நின்றுபோன வண்டியைச் சுற்றிக்கொண்டு போகலாம். மணிக்கு 10 மைலுக்கு மேல் போகாத சைக்கிளையோ குதிரையையோ சாலைப் பராமரிப்பு வண்டியையோ தாண்டலாம். நியாயமான விதிவிலக்கு. சைக்கிளைத் தாண்ட இரண்டு மூன்று வினாடி போதும், லாரிக்குப் பத்து வினாடி வேண்டும். விதி அந்த வித்தியாசத்தைத்தான் பார்க்கிறது.

சுவீடன்காரர்கள் மனிதர்களைத் திருத்துவதை ஒரு பக்கம் வைத்துவிட்டுச் சாலையைத் திருத்தினார்கள். 1990களின் இறுதியிலிருந்து பல இரண்டுவழிச் சாலைகளை மூன்று தடமாக்கி நடுவில் கம்பிவடத் தடுப்பு போட்டார்கள். நடுத்தடம் கொஞ்ச தூரம் இந்தப் பக்கத்துக்கு, அடுத்த கொஞ்ச தூரம் அந்தப் பக்கத்துக்கு. ஓவர்டேக் எடுக்க வேண்டுமானால் உங்கள் முறை வரும்வரை காத்திருக்க வேண்டும். அந்தச் சாலைகளில் உயிரிழப்பு பெருமளவு குறைந்தது. எனக்கு மிகவும் பிடித்த ஏற்பாடு இது. ஆனால் எல்லாச் சாலையிலும் கம்பி வரும்வரை நம் கால்தான் தடுப்பு.

எதிரே ஒருவர் நம் தடத்தில் வந்துவிட்டால் என்ன செய்வது என்று ஒரு நண்பர் கேட்டார். பிரேக், விளக்கு, சாலையின் வெளி ஓரம். இவ்வளவுதான். அவர் தடம் காலியாக இருக்கிறதே என்று மட்டும் அந்தப் பக்கம் திருப்பிவிடாதீர்கள். கடைசி நொடியில் அவர் திரும்பி வரப்போவது அங்கேதான்.

20 கி.மீ. தூரத்தை 60இல் கடக்க 20 நிமிடம், 80இல் கடக்க 15 நிமிடம். மிச்சம் 5 நிமிடம், அதுவும் அடுத்த லாரி வராமல் இருந்தால். அன்றைக்கு எனக்கு அந்த 5 நிமிடம்கூடத் தேவைப்பட்டிருக்காது. ஓரிரு நிமிடத்தில் அந்த லாரி ஒரு கிளைச் சாலையில் திரும்பிப் போய்விட்டது. அப்பா அப்போதுதான் டேஷ்போர்டிலிருந்து கையை எடுத்தார்.

இப்போதெல்லாம் லாரிக்குப் பின்னால் நன்றாக இடைவெளி விட்டுத்தான் வருகிறேன். தள்ளி வந்தால்தான் லாரியைச் சுற்றி முன்னால் இருப்பது தெரியும், ஒட்டிக்கொண்டு வந்தால் தார்ப்பாய் மட்டும்தான். இதில் ஒரே தொல்லை, அந்த இடைவெளியைப் பார்த்தவுடன் யாராவது ஒருவர் என்னைத் தாண்டி வந்து நுழைந்துவிடுகிறார். முணுமுணுத்துக்கொண்டே இன்னும் கொஞ்சம் பின்னால் போகிறேன்.